டோம்பிவிலியின் வாலில் இருப்பது வலியா, பள்ளியா?

ஊரிலிருந்து புதிதாக மும்பைக்கு வருகிற நம்மவர்கள் ரயில் வரைபடத்தைப் பார்த்ததும் கேட்கிற முதல் கேள்வி பெரும்பாலும் இதுதான். "காந்திவலி, போரிவலி, டோம்பிவலி... என்னங்க இது, போகிற இடமெல்லாம் வலிதானா?" காலை எட்டரை மணி வேகவண்டியில் ஒற்றைக்காலில் தொங்கிப் போகிறவருக்கு இதில் தப்பு ஏதும் தெரியாது. நாம் தமிழில் 'டோம்பிவிலி' என்று எழுதுவது ஆங்கில எழுத்தைப் பார்த்து வந்த பழக்கம். மராத்திக்காரர் வாயில் அது டோம்பிவலிதான்.

நிற்க. ஒலி ஒன்றாக இருக்கும் சொற்களைப் பார்த்தால் நமக்குக் கை சும்மா இருப்பதில்லை. மலர் தவறாமல் யாராவது ஒருவர் உலகத்து ஊர்ப்பெயர்களை எல்லாம் தமிழாக்கி ஒரு கட்டுரை எழுதிவிடுகிறார். படிக்க இனிக்கத்தான் செய்கிறது. ஆனால் அதை நம்பி மேடையேறுகிற பிள்ளைகள் படுகிற பாட்டைச் சொல்ல வேண்டும். நம் பகுதிப் பையன் ஒருவன், பத்தாம் வகுப்பு, சில வருஷத்துக்கு முன் பள்ளிப் பேச்சுப்போட்டியில் "டோம்பிவலி என்பது தமிழ்ப்பெயர், தம்பிப்பள்ளி என்பதே அப்படி மருவியது" என்று பேசினான். வகுப்பு சிரித்தது. ஆசிரியை சிரிக்கவில்லை, "எப்படி என்று விளக்கு" என்றார். பையனிடம் விளக்கம் இல்லை. சாயங்காலம் என் கடைக்கு வந்து, "தாத்தா, அது பொய்யா?" என்று கேட்டான். பாதி பொய், பாதி மெய் என்றேன். அன்றைக்குக் கல்லாவில் உட்கார்ந்தபடி அவனுக்குச் சொன்னதைத்தான் கொஞ்சம் விரித்து இங்கே எழுதுகிறேன்.

முதலில் மெய்யான பாதி. அது 'வலி'.

மராத்தியில் சொல்லின் நடுவே வருகிற பழைய பகரம் வகரமாகத் தேய்வது ஒரு ஒழுங்கு. தீபம் அங்கே 'திவா' ஆயிற்று. அதே ஒழுங்கில் தீபாவளி 'திவாளி' ஆயிற்று. பாதம் 'பாவ்' ஆனதிலும் நடுவெழுத்துத் தேய்ந்து வகரம் நின்றது. ஆக, முன்னால் ஒரு சொல்லோடு சேர்ந்து வந்த 'பல்லி' என்னும் ஊர்ச்சொல் 'வலி' ஆவதற்குத் தடை இல்லை. சமஸ்கிருதத்தில் 'பல்லீ' என்றால் சிற்றூர். அந்தச் சொல் திராவிட மொழிகளின் 'பள்ளி'யிலிருந்து போனது என்பது பரோ, எமனோ இருவரும் தொகுத்த திராவிட வேர்ச்சொல் அகராதியின் கருத்து. சமஸ்கிருதத்தில் ளகரம் வழக்கில் இல்லாததால் நம் 'ள்ள' அங்கே 'ல்ல' ஆகிவிட்டது.

இதற்கு மறுப்பும் உண்டு. 'வலி' என்பது 'ஆவலி', அதாவது வரிசை என்ற சொல்லின் தேய்வு, போரிவலி என்றால் இலந்தை மர வரிசை என்று சொல்கிறவர்கள் இருக்கிறார்கள். கேட்க நன்றாகத்தான் இருக்கிறது. ஆனால் மராத்தியில் இன்னொரு ஒழுங்கு இருக்கிறது. பழைய ஒற்றை லகரம் இரண்டு உயிருக்கு நடுவில் வந்தால் அது ளகரமாக மாறும். இரட்டை லகரமாக இருந்தால் லகரமாகவே நிற்கும். சந்தைக்குப் போய்ப் பாருங்கள். பழத்தை 'ஃபள்' என்பார்கள், ளகரம். அது 'பல' என்ற ஒற்றை லகரச் சொல். பூவை 'ஃபூல்' என்பார்கள், லகரம். அது 'புல்ல' என்ற இரட்டை லகரச் சொல். கறுப்பு 'காளா'. கன்னம் 'கால்' (கடினமான க அல்ல, மெல்லிய க). அது 'கல்ல' என்ற சொல்லின் மரபு.

இப்போது 'ஆவலி'யைச் சோதியுங்கள். அதில் ஒற்றை லகரம். மராத்தியில் அது 'ஓள்' ஆகியிருக்கிறது. வரிசைக்கும் எழுத்து வரிக்கும் இன்றும் அதுதான் சொல். 'திவாளி'யிலும் ளகரமே. அப்படியானால் டோம்பிவலியில் இருப்பது ஆவலி என்றால் அது 'டோம்பிவளி' என்று அல்லவா வந்திருக்க வேண்டும்? நம் ஸ்டேஷன் பலகையில் தேவநாகரியில் எழுதியிருப்பதைப் படித்துப் பாருங்கள். லகரம்தான் இருக்கிறது. போரிவலி, காந்திவலி பலகைகளிலும் அதே லகரம். பள்ளிக்குச் சாதகமாக ஸ்டேஷன் மாஸ்டரே சாட்சி சொல்வது மாதிரி இது.

வீட்டிலேயே இன்னொரு சாட்சி உண்டு. சுவரில் ஓடும் பல்லிக்கு மராத்தியில் 'பால்'. சமஸ்கிருதத்தில் 'பல்லீ' என்பதற்குச் சிற்றூர் என்று ஒரு பொருளும், வீட்டுப்பல்லி என்று ஒரு பொருளும் உண்டு. தனியாக நின்ற 'பல்லீ' பகரம் மாறாமல், இரட்டை லகரம் ஒற்றையாகி, முன்னுயிர் நீண்டு 'பால்' ஆயிற்று. கூட்டுச்சொல்லின் நடுவில் மாட்டிய 'பல்லீ' வலி ஆயிற்று. (புதுமருமகள் பக்கத்து வீட்டில் "பால் இருக்கா?" என்று தமிழில் கேட்டால் அவர்கள் சுவரைப் பார்ப்பார்கள். கேட்க வேண்டியது 'தூத்'.)

பிராங்க்ளின் சவுத்வர்த் என்ற அமெரிக்க மொழியியலாளர் மகாராஷ்டிர ஊர்ப்பெயர்களை எடுத்துக்கொண்டு ஆராய்ந்தார். 2005-இல் வந்த அவருடைய நூலில், இந்த 'வலி', 'ஓலி' வால்களைத் திராவிடப் பள்ளியோடு சேர்க்கிறார். கொங்கணக் கடற்கரைப் பக்கம் இவை நெருக்கமாக இருப்பதையும் காட்டுகிறார். ஆகவே பையன் சொன்ன 'பள்ளி' தப்பில்லை.

இனிப் பொய்யான பாதி, 'தம்பி'. 'தம்பி' மராத்திக்குப் போனால் தகரம் ஏன் டகரம் ஆக வேண்டும்? மராத்தியில் தகரத்துக்குப் பஞ்சமா? அகரம் ஏன் ஓகாரம் ஆயிற்று? இரண்டு கேள்விக்கும் பதில் இல்லை. மாறாக ஊரார் சொல்கிற விளக்கம், முன்காலத்தில் இங்கே டோம்ப் மக்கள் குடியிருந்தார்கள் என்பது. 'டோம்ப' என்ற சொல் சமஸ்கிருத நூல்களில் உண்டு. ஆடல்பாடல், கழைக்கூத்து என்று பிழைத்தவர்கள். மராத்தியில் கயிற்றில் நடந்து வித்தை காட்டுகிறவர்களை 'டோம்பாரி' என்பார்கள். நம் பக்கம் அதே வித்தைக்காரர்களைத் 'தொம்பர்' என்றார்கள்; தமிழ் லெக்சிகனிலேயே இருக்கிறது. தமிழ்ச் சொல்லின் முதலில் டகரம் வராதாகையால் தகரமாக்கிக் கொண்டோம். 'டமருகம்' தமிழில் 'தமருகம்' ஆனதும் இதே கணக்குத்தான். அதாவது தமிழிலிருந்து டோம்பிவலிக்கு ஒன்றும் போகவில்லை. ஒரே சொல் இரண்டு திசையில் போய் இங்கே டோம்ப், அங்கே தொம்பர் என்று நிற்கிறது.

அது இன்னும் தூரம் போயிருக்கிறது. ஏறத்தாழ ஆயிரம் வருஷத்துக்கு முன் இந்தியாவிலிருந்து மேற்கே நடந்த கூட்டத்தார் தங்களை மேற்காசியாவில் 'டோம்' என்றும், ஆர்மீனியப் பக்கம் 'லோம்' என்றும், ஐரோப்பாவில் 'ரோம்' என்றும் சொல்லிக்கொண்டார்கள். ஜிப்சிகள் என்று நாம் சொல்கிற ரோமா மக்கள் இவர்கள்தான். இத்தாலி நாட்டு ரோம் நகரத்துக்கும் இவர்களுக்கும் சம்பந்தமில்லை. அது வெறும் ஒலி. இந்த டகரம் ஐரோப்பாவில் ரகரமாக மாறியதும் ஒழுங்கான மாற்றம் என்று மொழியியலார் மற்ற சொற்களை வைத்துக் காட்டியிருக்கிறார்கள்.

நம் ஊர்ப்பெயரில் இப்படி ஒரு குலப்பெயர் இருப்பது சிலருக்குப் பிடிக்கவில்லை. கௌரவமாக ஏதாவது ராஜா பெயரோ சாமி பெயரோ இருக்கக்கூடாதா என்று என்னிடமே ஒருவர் குறைப்பட்டார். கயிற்றில் நடந்து சாப்பிட்டவன் பெயர் ஒரு ஊருக்கு இருப்பதில் என்ன குறை என்று எனக்குப் புரியவில்லை. நாமும் பிழைக்க வந்தவர்கள்தானே.

பிறந்த ஊரில் வைத்து எல்லாவற்றையும் பார்ப்பதில் மராத்தியரும் நமக்கு இளைத்தவர்கள் அல்ல. சாம்பார் கதை எல்லாருக்கும் தெரிந்திருக்கும். தஞ்சையை ஆண்ட மராட்டிய மன்னர் ஷாஜியின் அரண்மனையில், சத்ரபதி சிவாஜியின் மகன் சம்பாஜி விருந்துக்கு வந்தபோது, ஆம்டிக்குப் போட கோக்கம் தீர்ந்துபோய்ப் புளியை ஊற்றிச் செய்தார்களாம். விருந்தாளி பெயரால் அது சாம்பார் ஆயிற்றாம். ஷாஜி பட்டத்துக்கு வந்தது 1684-இல், சம்பாஜி கொல்லப்பட்டது 1689-இல். கதைக்கு ஐந்து வருஷ இடம் கிடைக்கிறது. ஆனால் 'சம்பாரம்' என்று ஒரு சொல் நம்மிடம் உண்டு. கறிக்கு இடும் மசாலைச் சரக்குக்குப் பெயர். 'சம்பார' என்றால் வடமொழியில் சேகரித்த சாமான்கள். மலையாளத்தில் இஞ்சியும் மிளகாயும் தட்டிப்போட்ட மோருக்குச் 'சம்பாரம்' என்று பெயர். நாகபுரிப் பக்கத்து மராத்தியில் கொத்துமல்லித் தழைக்கே 'சாம்பார்' என்பார்கள். அந்தப் பக்கத்து வாடிக்கையாளர் "சாம்பார் இருக்கா?" என்றால் பொடியை நீட்டக் கூடாது, தழையைக் கொடுக்க வேண்டும். கேரளத்து மோரிலும் நாகபுரித் தழையிலும் இருக்கிற சொல்லுக்கு ஒரு அரசர் தஞ்சாவூருக்கு வந்து சாப்பிட்டிருக்க வேண்டிய அவசியமில்லை.

கடைச்சரக்கோடு சொல்லும் கூடவே வரும் என்பது வியாபாரிக்குப் புதிதல்ல. கப்பலில் வந்த சொற்களில் எனக்குப் பிடித்தது 'ஏலம்'. போர்த்துக்கீசியர் 'லெய்லாவ்' என்றார்கள். மராத்தி அதை 'லிலாவ்' என்று கிட்டத்தட்ட அப்படியே வைத்துக்கொண்டது. தமிழில் முதல் லகரத்தை உதிர்த்து 'ஏலம்' ஆக்கிக்கொண்டோம். ஆனால் நம்மிடம் ஏற்கெனவே வேறு ஓர் ஏலம் இருந்தது, ஏலக்காய். போடிநாயக்கனூரில் ஏலத்தை ஏலம் விடுகிறார்கள். இரண்டும் ஒரே எழுத்து, ஒரே ஒலி. ஒன்று மலையிலிருந்து இறங்கியது, ஒன்று கடலிலிருந்து ஏறியது. மாறாக ஏலமும் லிலாவும் காதுக்கு வேறாகக் கேட்கும், ஆனால் உடன்பிறப்பு. ஜன்னல், சாவி, மேசை, அலமாரி எல்லாம் அதே கப்பல்தான். நாம் மாதாமாதம் எதிர்பார்க்கிற 'பகார்', அந்த மொழியில் 'கொடுத்தல்' என்று பொருள்.

வடா பாவில் இருக்கிற பாவும் போர்த்துக்கீசியம். ரொட்டிக்கு அவர்கள் வைத்த பெயர் 'பாவோ'. வசாய்க் கோட்டை 1739-இல் மராட்டியர் கைக்கு வரும்வரை இந்தக் கரையில் இருந்தவர்கள் அவர்கள். ஆனால் மும்பையில் யாரைக் கேட்டாலும் வேறு இரண்டு கதை சொல்வார்கள். மாவைக் காலால் மிதித்துப் பிசைந்ததால் பாவ் (இந்தியில் பாவ்ங் என்றால் கால்) என்று ஒன்று; நாலாகப் பிரிக்கிற ரொட்டியானதால் பாவ், அதாவது கால் பங்கு என்று ஒன்று. இரண்டும் ரொட்டியைப் பொறுத்தவரை கதை. ஆனால் அந்த இரண்டு 'பாவ்'களும் தங்களுக்குள் மெய்யான உறவு. இரண்டும் 'பாதம்' என்பதிலிருந்து வந்தவை. வடமொழியில் பாதம் என்றால் காலும் ஆகும், நாலில் ஒன்றும் ஆகும். நாலுகால் பிராணியை மனதில் வைத்துப் பிறந்த கணக்கு போலிருக்கிறது. தமிழிலும் பாருங்கள், 'கால்' என்றால் காலும் உண்டு, கால் கிலோவும் உண்டு. கால் என்ற ஒலிக்கும் பாதம் என்ற ஒலிக்கும் ஒட்டும் இல்லை உறவும் இல்லை. எண்ணம் மட்டும் ஒன்றாக ஓடியிருக்கிறது. ஒலியையே துரத்திக்கொண்டு போகிறவர்கள் கண்ணில் இந்த மாதிரி உறவு படுவதே இல்லை.

அதே மாதிரி, ஒலியும் ஒன்று, பொருளும் ஒன்று, இருந்தும் உறவில்லை என்பதும் உண்டு. பாரசீகத்தில் 'பத்' என்றால் கெட்ட. நாம் தினம் கேட்கிற 'பத்நாம்', 'பத்மாஷ்' எல்லாம் அதிலிருந்துதான். ஆங்கிலத்திலும் கெட்டதற்கு 'பேட்'. இரண்டும் தொடர்பில்லாத தனித்தனிப் பிறப்பு என்று அகராதிக்காரர்கள் தீர்த்துவிட்டார்கள். ஆஸ்திரேலியாவில் 'ம்பபரம்' என்ற பழங்குடி மொழியில் நாய்க்கு ஏறத்தாழ 'டாக்' என்றே சொன்னார்கள். ஆங்கிலேயர் சொல்லிக்கொடுத்ததல்ல, பக்கத்து மொழிகளில் 'குடக' என்று வழங்கிய சொல் அங்கே தேய்ந்து அப்படி ஆனது. அம்மா, அப்பா, மாமா போன்ற மழலைச் சொற்களை வைத்து உறவு கொண்டாடவே வேண்டாம். ஜார்ஜியா நாட்டில் 'மாமா' என்றால் அப்பா, 'தேதா' என்றால் அம்மா. குழந்தையின் உதட்டில் எது எளிதோ அது வரும்.

மராத்தியர் நம்மைக் கேட்கிற முதல் கேள்வியிலும் இப்படி ஒரு குழப்பம் ஒளிந்திருக்கிறது. "துமச்ச நாவ் காய்?" ஊரிலிருந்து வந்த பாட்டிக்கு நாவும் காயும் தமிழாகவே கேட்கும். 'காய்' என்றால் என்ன. 'நாவ்' என்பது நாமம். நடு மகரம் வகரமாகத் தேய்ந்தது. கிராமம் 'காவ்ங்' ஆகிக் கோரேகாவ்ங், அம்பர்நாத் பக்கத்துக் காவ்ங்கள் என்று நிற்பதும் இந்த ஒழுங்கே. இலங்கையில் அதே சொல் 'கம' என்று நிற்கிறது. பாலி நூலில் 'காஜரகாம' என்று எழுதிய ஊரைத்தான் நாம் கதிர்காமம் என்கிறோம். கதிர்காமத்துக் காமத்தைத் திருக்குறளின் மூன்றாம் பாலோடு சேர்த்து உரை சொன்ன ஒரு சொற்பொழிவைக் கேட்டிருக்கிறேன். அது கோரேகாவ்ங்கின் காவ்ங்தான், வேறொன்றுமில்லை.

என் பெயருக்கு வருகிறேன். நான் தமிழ்ச் சமணன், பெயருக்குப் பின்னால் நயினார். மும்பையில் ஜைனர் என்றால் குஜராத்தி, மார்வாரி, கச்சி. "தமிழில் ஜைனரா, எப்போது மாறினீர்கள்?" என்று கேட்பார்கள். ஒரு அலுவலகத்தில் 'நைனா' என்று கேட்டுக்கொண்டு, இந்தியில் அது கண், பெண்பிள்ளை பெயர் என்பதால் அட்டையில் என்னைப் பெண்ணாகவே எழுதிக் கொடுத்தார்கள். திருத்த ஏழு மாதம் ஆயிற்று. அந்த நைனா 'நயனம்'. என் நயினார் வேறு. நாயகன், நாயன், நாயனார், நயினார் என்று வந்த வழி. தலைவர் என்று பொருள். மராத்தி 'நாயீக்', நம் நாயக்கர், ஆந்திரத்து நாயுடு எல்லாம் அந்த நாயகனின் பிள்ளைகள்.

இதில் வேடிக்கை ஒன்றுண்டு. சமணரை எதிர்த்துப் பாடிய அப்பரும் சம்பந்தரும் நாயனார்கள். பாடல் பெற்ற சமணரின் வழிவந்த நாங்கள் நயினார்கள். ஒரே சொல். இராமநாதபுரம் மாவட்டத்தில் நயினார்கோயில் என்று சிவன்கோயில் இருக்கிறது. முஸ்லிம்களும் அங்கே வேண்டிக்கொள்வார்கள். நயினா முகம்மது என்று பெயர் வைத்தவர்கள் தாராவியிலேயே கிடைப்பார்கள். 'பள்ளி'யும் அப்படித்தான். மதுரைப் பக்கம் மாங்குளத்துக் குகையில் ஏறத்தாழ 2,200 ஆண்டுக்கு முந்திய தமிழ்ப் பிராமி எழுத்தில் சமண முனிவர்களுக்குப் பள்ளி கொடுத்த செய்தி வெட்டியிருக்கிறது. பிறகு அது பள்ளிக்கூடம் ஆயிற்று, முஸ்லிம்களுக்குப் பள்ளிவாசல் ஆயிற்று, மலையாளக் கிறித்தவர்களுக்கு மாதா கோயில் ஆயிற்று.

எல்லாச் சொல்லுக்கும் இந்த அதிர்ஷ்டம் இல்லை. 'சிரமணர்' தமிழில் சமணர் ஆகி, சகரமும் உதிர்ந்து அமணர் ஆயிற்று. ஆடை துறந்த முனிவர்களைக் குறித்த அந்த 'அமணம்'தான் அம்மணம் ஆகி, இன்றைக்குத் துணியில்லாமல் ஓடுகிற குழந்தையை அதட்டுகிற சொல்லாக இருக்கிறது. தமிழ் லெக்சிகனும் அந்த வழியைக் காட்டுகிறது. ஆனால் 'சம்மணம்' கூட்டி உட்காருவதையும் எங்கள் கணக்கில் எழுதுகிறவர்களுக்கு நான் கைதட்டுவதில்லை. அந்தச் சொல்லுக்குச் 'சப்பணம்' என்ற வடிவமும் இருக்கிறது. சமணத்திலிருந்து வந்தது என்பவர் அந்தப் பகரத்துக்கு முதலில் பதில் சொல்லட்டும்.

சொல் வசவாவதை மும்பைத் தமிழருக்கு நான் விளக்க வேண்டியதில்லை. 1966-இல் சிவசேனை தொடங்கிய பின்பு 'லுங்கி'யை விரட்டு என்ற கோஷம் கேட்டு வளர்ந்தவர்கள் நம்மில் பலர். அந்த லுங்கி என்ற சொல்லாவது தமிழா என்றால் அதுவும் இல்லை. பாரசீகம், இந்துஸ்தானி வழி வந்தது. லகரத்தில் தொடங்குகிறதே, அதிலேயே தெரியவில்லையா? நாம் வீட்டில் சொன்னது கைலி. திருநெல்வேலிப் பக்கம் சாரம், அது மலாய்க்காரரின் 'சாரோங்'.

கடைசியாக ஒன்று. எங்களில் இல்லறத்தாரைப் பழைய நூல்கள் 'சாவகர்' என்னும். 'சிராவகர்', அறம் கேட்பவர் என்று பொருள். மணிமேகலையில் 'சாவகம்' என்று வருவது ஜாவாத் தீவு, அதற்கும் இதற்கும் தொடர்பில்லை. ஆனால் ஒரு பொதுக்கூட்டத்தில் பேச்சாளர் ஒருவர் சாவகர் என்பதையும் மராத்தி 'சாவ்கார்' என்பதையும் ஒன்றாக்கி, ஜைனர் என்றாலே வட்டிக்காரர் என்று பொருள், பெயரிலேயே இருக்கிறது என்று முழங்கினார். கைதட்டலும் கிடைத்தது. வந்தவாசி, செஞ்சி, மேல்சித்தாமூர்ப் பக்கம் வந்து பார்த்தால் எங்கள் சனம் ஏர் பிடித்துக்கொண்டிருப்பது தெரியும். சாவ்கார் என்பது 'சாஹுகார்', அதற்கு முன் 'சாது' என்ற சொல். நாணயமானவன் என்று தொடங்கி வட்டிக்கடைக்காரனில் முடிந்தது. சென்னைச் சௌகார்பேட்டை அந்தச் சௌகார். சாவகரின் மெய்யான உறவு வேறிடத்தில் இருக்கிறது. ஜார்க்கண்ட், வங்காளப் பக்கம் 'சராக்' என்று ஒரு பழைய ஜைனக் குடி. ராஜஸ்தானத்தில் 'சராவகி' என்ற குடும்பப்பெயர். காதுக்குச் சாவ்கார் அளவுக்கு இவை நெருக்கமாக இல்லை. ஆனாலும் கடைப்பலகையில் சராவகி என்று எங்கே கண்டாலும் நான் அதைச் சாவகர் என்றுதான் படிக்கிறேன்.